மின்னியின் முழங்கால்கள்

1983 ஏப்ரல் 5, செவ்வாய். லீட்ஸ்.

அடுப்படிக் கதவு நிலையில் அம்மா இன்று புதுக் கோடு போட்டாள். கிறிஸ்துமஸ் கோட்டுக்கு ஒன்றரை அங்குலம் மேலே. டிவித் தொடருக்கு உடை தைக்கிறவர்கள் போனில் அளவு கேட்டிருந்தார்களாம். அரை அங்குலம் என்று மட்டும் சொல் என்றேன். பொய் சொல்லமாட்டேன் என்றாள். பிறகு போனில் அரை அங்குலம் என்றே சொன்னாள்.

பஸ் ஓட்டிவிட்டு வந்த அப்பா கோட்டைப் பார்த்தார். "என்ன கண்ணு, உனக்கு யாராச்சும் உரம் வைக்கிறாங்களா?" எனக்குச் சிரிப்பு வரவில்லை.

தொடரில் நான் நடிக்கும் மின்னிக்கு ஏழு வயது. எனக்குப் பன்னிரண்டு. போன வருடம் பள்ளிக்கு வந்த டிவிக்காரர்கள் வகுப்பிலேயே குள்ளமான என்னைத்தான் பொறுக்கி எடுத்தார்கள். 'உப்பங்கழி வீடு' நன்றாக ஓடியது. என் அண்ணனாக நடித்த டங்கனுக்குக் குரல் உடைந்ததும் கதையில் அவனைக் கனடாவில் இருக்கும் மாமாவிடம் அனுப்பிவிட்டார்கள். எங்கள் தொடரில் வளர்கிறவர்கள் எல்லாரும் கனடாவுக்குத்தான் போவார்கள்.

நான் போகமாட்டேன். படப்பிடிப்பு முடியும்வரை வளரப்போவதில்லை. முடிவு செய்துவிட்டேன்.

ஏப்ரல் 19, செவ்வாய். விட்பி.

இந்த வருடமும் வெளிப்புறக் காட்சிகள் முதலில் இந்தக் கடலோர ஊரில், உள்ளே நடப்பதெல்லாம் ஜூனில் ஸ்டூடியோவில். மின்னியின் மஞ்சள் மழைக்கோட்டு கணுக்கால்வரை தொங்குகிறது. அதற்குள் முழங்காலை மடக்கிக்கொண்டு நடந்து பார்த்தேன். ஒருவருக்கும் தெரியவில்லை! டைரக்டர் மிஸ்டர் ஹால்டேன், "நீ ஒருத்தியாவது அப்படியே இருக்கியே" என்றார்.

மத்தியானம் மீனும் சிப்ஸும். என் மீனை மற்றவர்களுக்குக் கொடுத்துவிட்டேன். சாப்பிட்டால்தானே வளர்வேன்.

ஏப்ரல் 22, வெள்ளி.

முழங்கால் வலி. குளிர் என்று சொல்லிவிட்டேன்.

மே 11, புதன்.

மிஸஸ் சக்டன் கண்டுபிடித்துவிடுவாள் போலிருக்கிறது. படப்பிடிப்பில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வது அவள் வேலை. நாங்கள் நடிப்பதற்கு நகரக் கவுன்சில் கொடுத்த உரிமத்தில் இருக்கும் நேரம் முடிந்துவிட்டால், டைரக்டரே கெஞ்சினாலும் எங்களைக் கூட்டிக்கொண்டு போய்விடுவாள். இன்று கேரவனில் கணக்குப் பாடம் முடிந்து இறங்கும்போது, "ஏன் கண்ணு வாத்து மாதிரி நடக்கறே?" என்றாள். பூட்ஸ் பெரிசு என்றேன். உடனே காகிதத்தைக் கசக்கி பூட்ஸுக்குள் திணித்தாள். இப்போது முழங்காலோடு கால் விரலும் வலிக்கிறது.

எந்தக் காட்சியில் மடக்கினேன் என்பது மறந்துவிடக் கூடாதென்று இந்த நோட்டின் கடைசிப் பக்கங்களில் தினமும் எழுதி வைக்கிறேன். காட்சி 12: மடக்கினேன். 15: ஓட்டம், மடக்க முடியவில்லை. 23: வீட்டு வாசல், நன்றாக மடக்கினேன். திறந்த கதவு வழியாக அலமாரி தெரிகிறது, என் தலை அதன் இரண்டாம் தட்டுக்குச் சரியாக இருந்தது.

ஜூன் 14, செவ்வாய். லீட்ஸ் ஸ்டூடியோ.

போச்சு. எல்லாம் போச்சு.

காட்சி 24. மின்னி வெளியே மழைக்கோட்டைக் கழற்றிவிட்டு வீட்டுக்குள் வருகிறாள். அரைப் பாவாடையில் முழங்காலை எங்கே மடக்குவது? நிமிர்ந்துதான் வந்தேன். விட்பியில் இருந்த அதே அலமாரிதான். கண்டினியூட்டி, அதாவது ஒரு காட்சிக்கும் அடுத்ததுக்கும் எல்லாம் பொருந்துகிறதா என்று பார்க்கிற ஆட்ரி கையில் அன்று எடுத்த போலராய்டு படம். அதில் என் தலை இரண்டாம் தட்டுக்கு. இன்று அந்தத் தட்டு என் கன்னத்துக்கு வந்தது. ஒரு குழந்தை குட்டையாகக் கதவுக்குள் நுழைந்து நெட்டையாக வெளிப்படுகிறது.

மிஸ்டர் ஹால்டேன் என்னைச் சந்தேகப்படவே இல்லை. அலமாரியைப் பொருத்திய தச்சர் வால்டரைக் கூப்பிட்டு, எல்லார் எதிரிலும் கண் குருடா என்று கேட்டார். வால்டருக்கு என் தாத்தா வயது இருக்கும். "அளந்துதான் சார் வச்சேன்" என்றார். அதையே மூன்று தடவை சொன்னார். அடிமட்டத்தை எடுத்துத் திரும்பத் திரும்ப அளந்துகொண்டிருந்தார்.

நான் பேசாமல் நின்றேன். எனக்கு வாய் இல்லையா? சொன்னா கனடாதான். சொல்லலைன்னா அந்த மனுஷனுக்கு வேலை போயிடும். தெரிஞ்சும் நின்னேனே — என்ன ஜென்மம் நான்?

ஜூன் 15, புதன்.

காலையில் முதல் ஆளாகப் போய் இந்த நோட்டை ஆட்ரியிடம் கொடுத்தேன். கடைசிப் பக்கங்களை மட்டும் படியுங்கள் என்றேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு வரியாகப் படித்தாள்.

"எத்தனை காட்சி மடக்கினே?"

"பதினேழு."

"முழங்கால் என்ன ஆகும்னு யோசிச்சியா, முட்டாள் பொண்ணே?" பிறகு மறுபடி பக்கத்தைப் புரட்டினாள். "நான்கூட இவ்வளவு சுத்தமா எழுதல."

மிஸ்டர் ஹால்டேனிடம் அவளே என்னைக் கூட்டிப் போனாள். வால்டரும் இருந்தார். நானே சொன்னேன். ஒன்றையும் விடாமல் முழுவதும் சொன்னேன். மிஸ்டர் ஹால்டேன், "நேரா நில்லு" என்றார். நின்றேன். ஏப்ரலுக்குப் பிறகு அங்கே நான் முழுசாக நின்றது அப்போதுதான். அவர் உச்சியிலிருந்து பாதம்வரை பார்த்தார். அவர் முகத்திலேயே கனடா தெரிந்தது.

ஆட்ரிதான் பேசினாள். "இவளைக் குறைக்க முடியாது. அலமாரியை ஏத்துங்க. மத்தவங்க எல்லாம் மேசையில உக்காந்திருக்காங்க, ஒருத்தருக்கும் தெரியாது."

வால்டர் செங்கல் கொண்டுவந்து அலமாரியின் ஒவ்வொரு காலுக்கும் இரண்டிரண்டாக வைத்தார். மிஸ்டர் ஹால்டேன் அவர் தோளில் தட்டிவிட்டுப் போனார். மன்னிப்பு என்ற வார்த்தை அவர் வாயில் வரவில்லை. நான் வால்டரிடம் மன்னிப்புக் கேட்டேன். வால்டர் என் உச்சியில் அடிமட்டத்தை வைத்துப் பார்த்துவிட்டு, "என் அளவு சரிதான்னு எனக்குத் தெரியும்" என்றார்.

படப்பிடிப்பு முடிய இன்னும் பதினாறு நாள் இருக்கிறது. மின்னி எப்படி இருக்க வேண்டுமோ அப்படியே நடித்துக் கொடுத்துவிட்டுத்தான் போவேன்.

ஜூலை 1, வெள்ளி.

முடிந்தது. ஒரு வசனத்தையும் மறக்கவில்லை. மத்தியானம் இரண்டு தட்டு சாப்பிட்டேன்.

செப்டம்பர் 28, புதன்.

காட்சி 24 இன்று டிவியில் வந்தது. ரொட்டியும் பீன்ஸும் மடியில் வைத்துக்கொண்டு மூன்று பேரும் பார்த்தோம். கதவு திறந்தது, மின்னி வந்தாள், இரண்டாம் தட்டுக்குச் சரியாக. அம்மா அழுதாள். நான் செங்கல் தெரிகிறதா என்று பார்த்தேன். தெரியவில்லை.

நவம்பர் 8, செவ்வாய்.

டிவிக்காரர்களின் கடிதம் வந்துவிட்டது. மின்னி கனடா போகிறாள். நான் பக்கத்து ஊர் பிராட்ஃபர்டுக்குக்கூடப் போகவில்லை, இதே படுக்கையில்தான் கிடக்கிறேன்.

அழுதேன். அம்மா டீ கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். டீ ஆறுவதற்குள் எழுந்து ஆட்ரிக்குக் கடிதம் எழுதினேன்: உங்கள் வேலைக்கு என்ன படிக்க வேண்டும்?

நவம்பர் 21, திங்கள்.

ஆட்ரியிடமிருந்து அஞ்சலட்டை. 'டைப்ரைட்டிங், சுருக்கெழுத்து. நல்ல கண் உனக்கு ஏற்கெனவே இருக்கிறது. வளர்ந்துவிட்டு வா.'

1992 ஏப்ரல் 7, செவ்வாய்.

பழைய பெட்டியில் இந்த நோட்டு கிடைத்தது. இன்னும் சில பக்கம் பாக்கி இருந்தது, அதனால் இதில் எழுதுகிறேன்.

கண்டினியூட்டி என்று நான் தனியாகப் பொறுப்பேற்ற முதல் தொடர். முதல் நாள். எட்டு வயது வேடத்துக்கு வந்திருக்கும் பெண் இமோஜனுக்குப் பதினொன்று. இரண்டாவது காட்சியில் நீளமான அங்கியோடு நடந்து வந்தாள். நான் அவள் கையையும் பார்க்கவில்லை, தலைமுடியையும் பார்க்கவில்லை.

இடைவேளையில் பக்கத்தில் போய்க் காதோடு சொன்னேன்.

"முழங்காலை நிமித்து கண்ணு. அலமாரியை நான் ஏத்திக்கறேன்."