பந்து போன பிறகு

பிராக்கன்ஷா
1934 மார்ச் 18, ஞாயிறு

அன்புத் தம்பி கிளெமுக்கு,

அக்கா எல்சி எழுதிக்கொள்வது. இங்கு அனைவரும் சுகம். லண்டன் ஆஸ்பத்திரியில் உன்னை நல்லபடியாகக் கவனித்துக்கொள்வார்கள் என்று நம்புகிறோம். பத்தாம் தேதி சனிக்கிழமை கால்பந்து ஆட்டத்தில் நடந்தது ஒரு விபத்து. ஈரத் தரையில் உன் மச்சான் வில்ஃபின் கால் வழுக்கிவிட்டது. அவர் மிகவும் வருந்துகிறார். வருகிற வியாழக்கிழமை மான்செஸ்டரில் நடக்கும் கால்பந்துச் சங்க விசாரணைக்கு நீயும் இதையே எழுதி அனுப்பினால் நம் குடும்பத்துக்கு நல்லது.

இவ்வளவும் உன் மச்சான் என் முதுகுக்குப் பின்னால் நின்று சொல்லச் சொல்ல நான் எழுதியது. என் கையெழுத்துதான், என் பேச்சு இல்லை. இப்போது பிள்ளைகள் இருவரையும் கூட்டிக்கொண்டு சர்ச்சுக்குப் போயிருக்கிறார். “நாலு வரி நலம் விசாரிச்சு எழுதி, உறையில போட்டு ஒட்டிடு” என்று சொல்லிவிட்டுப் போனார். திரும்பி வந்து படித்துப் பார்க்க மாட்டார். என்மேல் அவ்வளவு நம்பிக்கை மனுஷனுக்கு.

உன் கால் எப்படி இருக்கிறது? வீக்கம் வடிந்ததா? கத்தி வைத்தார்களா? எதையும் நேராக எழுது. “பரவாயில்லை அக்கா” என்று மட்டும் எழுதி அனுப்பினாயோ, கிழித்து அடுப்பில் போடுவேன்.

எனக்கு அந்த வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் கண்முன் நிற்கிறது. உன் அணியோடு ஓட்டலில் தங்காமல் எங்களைப் பார்க்க வந்தாய். ஆட்டுக்கறியும் உருளைக்கிழங்கும் போட்டுச் சட்டி நிறையச் செய்து வைத்திருந்தேன். நீ நாற்காலியில் உட்காரும்போது முகத்தைச் சுளித்தாய். நான் விடாமல் கேட்டதும் கால்சட்டையை மடித்து இடது முழங்காலைக் காட்டினாய். “எங்க கிளப்புல யாருக்குமே தெரியாது மச்சான், வெளிய விட்டுடாதீங்க” என்று அவரிடம் சிரித்துக்கொண்டே சொன்னாய். நான் வெந்நீரில் துணி நனைத்து ஒத்தடம் கொடுத்தேன். அவர் குனிந்து நன்றாகப் பார்த்துவிட்டு, “ஜாக்கிரதையா இரு மாப்ளே” என்றார். அந்த அடுப்படியில் இருந்தது நாம் மூன்று பேர்தான்.

மறுநாள் ஆட்டத்தில் உனக்கும் எதிரணியில் நின்ற இவருக்கும் நடந்த முதல் மோதலை நான் குறை சொல்ல மாட்டேன். இரண்டு பேரும் பந்துக்குத்தான் போனீர்கள். உன்னைத் தூக்கிக்கொண்டு போய்ப் பஞ்சால் ஒற்றி, திரும்ப உள்ளே அனுப்பினார்கள். வேறு ஆளை இறக்க வழியில்லாத விளையாட்டு இது, பத்துப் பேரோடு ஆடுவதைவிட நொண்டி ஒருவன் ஓரத்தில் நிற்பது மேல் என்பது உங்கள் கணக்கு. அப்படி ஓரத்தில் நிறுத்தப்பட்டவனை எதிர் ஆள் தொடுவதில்லை. எழுதி வைத்த சட்டம் இல்லை, ஆட்டக்காரர்கள் ஒருவருக்கொருவர் வைத்திருக்கும் மரியாதை. பதினோரு வருஷமாக ஆட்டக்காரனுக்குச் சோறு போடுகிறவள், எனக்கும் இது தெரியும்.

அடிபட்ட உன்னைப் பார்த்து நம் ஊர் சனம் சிரித்தது. “லண்டன் காசு நொண்டுது டோய்” என்று ஒருவன் கத்தினான். நம்மிடம் கேட்காமல் கொள்ளாமல் நம் ஊர் கிளப்தான் உன்னை லண்டன் கிளப்புக்கு ஆட்டுச்சந்தையில் விற்பதுபோல் விற்றது. ஆனால் ஊருக்கு நீதான் ஓடிப்போனவன். அப்பாவும் அதைத்தான் நம்புகிறார்.

கடைசியில் அந்தப் பந்து யாரும் எதிர்பாராமல் உன்னிடம் உருண்டு வந்தது. நீ தத்தித் தத்திக் கோலை நோக்கிப் போனாய். உனக்கும் கோல்காப்பவனுக்கும் நடுவில் இவர் ஒருவர்தான். நீ பந்தை அடித்துவிட்டாய். அது கம்பத்துக்கு வெளியே போய்க்கொண்டிருந்தது. பந்து போன பிறகுதான் இவர் இரண்டு காலையும் தூக்கிக்கொண்டு பக்கவாட்டில் வந்து விழுந்தார். உன் இடது முழங்காலில். பெண்டாட்டிமார் உட்காரும் மூன்றாவது வரிசையிலிருந்து பார்த்தேன். வழுக்கவில்லை, கிளெம். நடுவருக்கும் வழுக்கியதாகத் தெரியவில்லை, அதனால்தான் இவரை வெளியே அனுப்பினார்.

கோலுக்குப் பின்னால் நின்ற அப்பா என்ன கத்தினார் தெரியுமா? “முடிச்சு விடுடா அவன!” பெற்ற பிள்ளையை முடிக்கச் சொல்லி மருமகனிடம். வீட்டுக்கு வந்து கேட்டதற்கு, “கூட்டத்துல எல்லாரும்தான் கத்துறோம், யாரு என்ன கத்துனோம்னு யாருக்குத் தெரியும்” என்று சொல்லிவிட்டுக் புகைக்குழாயைப் பற்றவைத்துக்கொண்டார். அவர் கத்தியது எனக்குத் தெரியும். அந்தத் தொண்டையை எந்தக் கூட்டத்திலும் கண்டுபிடிப்பேன்.

திங்கட்கிழமை கிளப் தலைவர் பில்லிங்டன் நம் வீடு தேடி வந்தார். பதினோரு வருஷத்தில் முதல் தடவை. தொப்பியைக்கூடக் கழற்றாமல் என் டீயைக் குடித்துவிட்டு, “அடுத்த வருஷமும் உனக்கு இடம் உண்டு வில்ஃப், விசாரணையில தடை மட்டும் வராமப் பாத்துக்கோ” என்றார். தடை வந்தால் மே மாதம் வெளியே. இந்த வீடு கிளப்புடையது. சாவியையும் கொடுத்துவிட்டுத்தான் போக வேண்டும். அப்பாவும் எங்களோடுதான் இருக்கிறார்.

பில்லிங்டன் போனதும் கதவைச் சாத்திவிட்டு இவரிடம் கேட்டேன்: “எந்தக் கால்னு உங்களுக்குத் தெரியும்ல?” குனிந்து அடுப்புக் கரியைக் கிளறினார். பிறகு, “தெரியும். அதனாலதான் அந்தப் பக்கம் விழுந்தேன். முப்பத்திமூணு வயசு எனக்கு. ஒரு நொண்டி என்னத் தாண்டிக் கோல் போட்டான்னு பேராயிட்டா, என்னை வெச்சிருப்பானா அந்த ஆளு? உன் பிள்ளைங்கள எங்க கொண்டுபோய் வைப்ப?” என்றார். அழுதார். அவர் அழுது நான் பார்த்ததே இல்லை. எனக்கு இரக்கம் வந்தது. இரக்கம் வந்ததற்காக என்மேலேயே எனக்கு வெறுப்பாக இருந்தது.

இருபத்து நாலு வயது உனக்கு. ஓடுவதைத் தவிர வேறு எந்தத் தொழிலும் உனக்குக் கற்றுத்தரவில்லை நாங்கள். உன் காலை எடுத்து எங்கள் கூரைக்கு முட்டுக் கொடுத்திருக்கிறார் இந்த மனுஷன். அதற்குக் கீழே படுத்து நான் தூங்க வேண்டுமாம்.

நேற்று யாரிடமும் சொல்லாமல் மில்லுக்குப் போனேன். மேஸ்திரியிடம் என் பழைய தறிகளைக் கேட்டேன். வாரத்தில் மூன்று நாள்தான் மில் ஓடுகிறது, பாதி ஊர் வாசலில் நிற்கிறது. ஆனாலும் என் கை அவருக்கு நினைவிருக்கிறது. ஈஸ்டர் கழிந்து வரச் சொன்னார். பின்தெருவில் இரண்டு அறை வீடு ஒன்றும் பார்த்து வைத்திருக்கிறேன். சுவரில் ஈரம். பிள்ளை டோராவுக்கு இருமல் வரும். வந்தால் பார்த்துக்கொள்கிறேன்.

ஆகவே மேலே அவர் சொல்லி நான் எழுதியதை மறந்துவிடு. நடந்ததை நடந்தபடி மான்செஸ்டருக்கு எழுது. பந்து போன பிறகு வந்தார் என்று எழுது. எங்களை நினைத்து ஒரு வரியையும் குறைக்காதே.

இன்னும் ஒன்று உண்டு. உன் குணம் எனக்குத் தெரியும். உண்மையை எழுதிவிட்டு, மனசு கேட்காமல், மச்சானுக்குத் தனியாக ஒரு காகிதம் போடுவாய். உங்கள்மேல் எனக்குக் கோபமில்லை, மன்னித்துவிட்டேன் என்று. வேண்டாம் தம்பி. உன் காலைப் பிடித்துக் கேட்கிறேன், அதை மட்டும் எழுதாதே. அது கிடைத்துவிட்டால் அவர் நிம்மதியாகத் தூங்கிவிடுவார். பக்கத்தில் நான் ஒருத்தி மட்டும் விழித்துக் கிடக்க வேண்டியிருக்கும்.

ஆண்டவன் உன்னை எழுந்து நடக்க வைக்கட்டும்.

என்றும் உன் அக்கா,
எல்சி