செங்கல் நிறக் குங்குமம்

பிப்ரவரி 2, திங்கள்

காலையில் நல்ல பனி. ஊரப்பாக்கம் ஸ்டேஷனில் பிளாட்பாரத்தின் மறுமுனை தெரியவில்லை. ரயில் தாமதம். தாம்பரத்தில் இறங்கி ஓடியும் எனக்கு முன்னால் டாக்டர் வந்து உட்கார்ந்திருந்தார். ஒன்றும் சொல்லவில்லை. ரிசப்ஷனில் உட்கார்ந்து டோக்கன் போடுகிறவளிடம் சொல்ல என்ன இருக்கிறது.

மோட்டார் மறுபடி இரைகிறது. ஆள் கூப்பிட வேண்டும்.

வாசல் குங்கும மரத்தில் காய் எல்லாம் காய்ந்து வெடிக்கத் தொடங்கிவிட்டது. சாயங்காலம் எதிர்வீட்டுப் பரிமளா கிண்ணத்தோடு வந்தாள். நான் கொக்கியை எடுக்கப் போனேன்.

"நீங்க இருங்க ஜெயந்தி, நானே பறிச்சுக்கறேன். உங்களுக்கு எதுக்குச் சிரமம்?"

என்ன கரிசனம். இவர் இருந்தவரை இதே பரிமளா, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளங்கையை நீட்டி நிற்பாள். "உங்க கையால குடுங்க, வெள்ளிக்கிழமை" என்பாள். இவர் போய் வருஷம் திரும்பப் போகிறது. அன்றிலிருந்து என் சிரமத்தின் மேல் தெருவுக்கே அக்கறை வந்துவிட்டது. மரம் மட்டும் அப்படியே சுமங்கலியாக இருக்கிறது போல. அதிலிருந்து பறிக்கலாம்.

இத்தனைக்கும் இந்த மரத்தைக் குங்குமத்துக்காக யாரும் வைக்கவில்லை. சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் கம்பெனியில் இவர் வேலை பார்த்தபோது, ரோட்டோர நர்சரியில் ரம்புட்டான் என்று நம்பி வாங்கி வந்த கன்று. சிவப்பாக, முள்முள்ளாகக் காய்த்ததும் தெருவையே கூப்பிட்டுக் காட்டினார். உடைத்துப் பார்த்தால் உள்ளே பழமும் இல்லை, சதையும் இல்லை. பொடிப்பொடியாகச் சிவப்பு விதை. வாயில் போட்டுக் கடித்தார். உதடு சிவந்துபோய் நின்ற முகம் இன்னும் கண்ணில் இருக்கிறது. பிறகு யாரோ சொல்லித்தான் தெரிந்தது, சாயத்துக்கும் சமையலுக்கும் ஆகிற விதை என்று.

பிப்ரவரி 3, செவ்வாய்

மோட்டார் ஆள் வரவில்லை.

நித்யா போன். ஏழாம் மாதம், வளைகாப்பு வருகிற ஞாயிறு, சேலையூரில் மாப்பிள்ளை வீட்டுப் பக்கத்து ஹாலில். இது தெரிந்ததுதான். புதிதாக ஒன்று. சம்பந்தியம்மா நம் மரத்துக் குங்குமம் கேட்கிறாராம். கடைக் குங்குமம் பட்டால் நித்யாவுக்கு நெற்றி தடித்துவிடும், ஸ்டிக்கர் பசையும் ஆகாது. கல்யாணத்தன்று மேக்கப் போட்டவள் கேட்காமல் வைத்துவிட்டு, போட்டோ முழுக்க வீங்கின நெற்றி. சம்பந்தியம்மாவுக்கும் அது நினைவிருக்கிறது.

"அம்மா, இன்னொண்ணு. நீதான் எனக்கு முதல்ல சந்தனம் குங்குமம் வைக்கணும். அத்தைகிட்ட சொல்லிட்டேன்."

"அவங்க என்ன சொன்னாங்க?"

"இந்தக் காலத்துல அதெல்லாம் யாரு பாக்கறான்னாங்க. நீ சும்மா வாம்மா, புடவை நல்லதா கட்டிட்டு வா."

போனை வைத்தேன். சந்தோஷம்தான். ஒத்துக்கொள்கிறேன், ரொம்ப சந்தோஷம். பால் பொங்கி அடுப்பு அணைந்தது கூடத் தெரியவில்லை.

பிப்ரவரி 5, வியாழன்

லீவு. குங்கும வேலை.

வாங்கியது: கூவைக்கிழங்கு மாவு, தேங்காய் எண்ணெய், நெய், முந்திரி, ரவை, மஞ்சள் நூல். மறந்தது: ஏலக்காய், பல்வலி மாத்திரை.

விதையை முறத்தில் புடைத்து, மொட்டை மாடி வெயிலில் போட்டு, உரலில் கொஞ்சம் எண்ணெய் விட்டுக் கூவை மாவோடு தேய்த்தேன். இடிக்கக் கூடாது. விதை உடைந்தால் பொடி நரநரக்கும். மேல் சிவப்பு மட்டும் மாவில் ஏற வேண்டும். பிறகு இவருடைய பழைய வேட்டித் துணியில் சலித்தேன். வேட்டி இனி எதற்கும் ஆகாது. கை மணிக்கட்டு வரை சிவப்பு, சோப்புக்குப் போகவில்லை.

கடைக் குங்குமத்தின் அடர் சிவப்பு இதற்கு வராது. செங்கல் நிறம்தான். "கலர் பத்தலையே" என்று முன்பு பரிமளா குறை சொல்வாள். சொல்லிவிட்டு வாங்கிப் போவாள்.

சின்ன எவர்சில்வர் டப்பாவில் நிரப்பி, மூடிக்கு மேல் மஞ்சள் நூலைச் சுற்றி முடிச்சுப் போட்டேன். மிச்ச விதையைக் கேசரிக்கு எடுத்து வைத்தேன். நெய்யில் சின்னத் தீயில் காய்ச்சி வடித்தால் போதும், கலர் பொடி வேண்டாம். கேசரி நானே செய்கிறேன் என்று ஏற்கெனவே சொல்லியாயிற்று. என் புத்தியை என்ன சொல்ல.

பிப்ரவரி 7, சனி

பனி இல்லை, புழுக்கம். பிப்ரவரியிலேயே.

மோட்டார் சரியாயிற்று. ஆள் வந்து தட்டினான், ஓடியது. தட்டுவதற்கு நானே போதாதா.

கிளினிக்கிலிருந்து வருகிற வழியில் சேலையூர் போய் டப்பாவைச் சம்பந்தியம்மாவிடம் கொடுத்தேன். தாம்பாளத்தில் வாங்கிக்கொண்டார். கையால் இல்லை, தாம்பாளத்தில். அப்போது மரியாதை என்று நினைத்தேன். அவருடைய அக்கா காஞ்சிபுரத்திலிருந்து வந்திருந்தார். டப்பாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், காபி சாப்பிடச் சொன்னார். நித்யா படுத்திருந்தாள், எழுப்ப வேண்டாம் என்று வந்துவிட்டேன்.

மாம்பழக் கலர் பட்டை எடுத்து இஸ்திரி போட்டேன். ஜரிகை ஒரு இடத்தில் கறுத்திருக்கிறது, மடிப்புக்குள் போய்விடும். கட்டிப் பார்த்தேன். கண்ணாடிக்கு முன்னால் நிற்க வெட்கமாக இருந்தது, பெண் பார்க்க வருகிற மாதிரி.

ராத்திரி நித்யாவுக்குப் போன் செய்து என்ன புடவை என்று சொன்னேன்.

"சரிம்மா."

"சந்தனம் அங்க அரைச்சு வச்சிருக்காங்களா, நான் கொண்டு வரட்டா?"

"எல்லாம் இருக்கும்மா. நீ... நீ வாம்மா, தூக்கம் வருது."

ஏழு மாத வயிறு, களைப்பு இருக்கத்தானே செய்யும்.

பிப்ரவரி 8, ஞாயிறு

முடிந்தது. உடம்பெல்லாம் நெய் வாடை.

வரிசையாக எழுதிவிடுகிறேன், இல்லாவிட்டால் தூக்கம் வராது.

ஹாலுக்குள் நுழைந்ததுமே சம்பந்தியம்மா கையைப் பிடித்துக்கொண்டு நேரே பின்னால் சமையல்கட்டுக்கு அழைத்துப் போனார். "கேசரி மட்டும் நீங்க பாத்துக்குங்க சம்பந்தி. உங்க கைப்பக்குவம் யாருக்கு வரும்?" பட்டுப்புடவையோடு அடுப்படியில் நின்றேன்.

சமையல்காரர் நல்ல மனிதர், வாய் ஓயவில்லை. நெய்யில் விதை போட்டதும் எட்டிப் பார்த்தார். "இன்னாம்மா, கலர் பொடி போடலியா? இது இன்னா வெதை?" சொன்னேன். நெய் மெல்ல ஆரஞ்சாக மாறியது. "அடேங்கப்பா, சூப்பரா கீதும்மா. எனக்கும் கொஞ்சம் குடும்மா, அடுத்த ஆர்டர்ல போட்டுப் பாக்கறேன்."

வளையல் சத்தம் கேட்டது. முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு ஹால் கதவருகே போய் நின்றேன். இப்போது கூப்பிடுவார்கள் என்றுதான். நித்யா பச்சைப் பட்டில், கன்னத்திலும் கையிலும் சந்தனம். முதலில் வைத்தது காஞ்சிபுரத்து அக்கா. அடுத்தது சம்பந்தியம்மா. பிறகு வரிசையாக எல்லோரும், பரிமளா உட்பட. அவளை அழைத்தது நான்தான்.

அப்போதுதான் பார்த்தேன். நித்யா நெற்றியில் இருந்தது என் குங்குமம் இல்லை. அடர் சிவப்பு, கடைச் சிவப்பு. எவ்வளவு தள்ளி நின்றாலும் எனக்குத் தெரியாதா. உரலில் தேய்த்தவள் நான்.

நித்யா நிமிர்ந்தாள். என்னைப் பார்த்தாள். பிறகு குனிந்து வளையலைச் சரி செய்துகொண்டாள்.

"சம்பந்தி, கேசரி ஆறிடப் போகுது" என்றார் சம்பந்தியம்மா.

போனேன். பரிமாறினேன். காஞ்சிபுரத்து அக்கா இரண்டாம் தடவை கேட்டு வாங்கினார். பரிமளா, "ஜெயந்தி கைக்கே ஒரு ருசி இருக்கு" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள். அதே மரம், அதே விதை, அதே கை. வயிற்றுக்குள் போகலாம், நெற்றிக்கு மேல் ஆகாது. இதில் யாருக்கும் ஒரு குழப்பமும் இல்லை. நெய் வாய் ஓரத்தில் ஆரஞ்சாக வழியத் தின்றார்கள்.

வளைகாப்பு முடிந்தால் பெண் தாய்வீட்டுக்கு. அதற்கு மட்டும் நான் வேண்டும். காரில் கூட்டி வந்தேன். வண்டலூர் தாண்டியதும் நித்யா, "நான் சொன்னேம்மா. அத்தை அழுதுட்டாங்க. எல்லார் முன்னாடியும் நான் என்ன பண்றது?" என்றாள்.

"பசிக்குதா?" என்று கேட்டேன். டிரைவர் இருக்கிறார்.

பிப்ரவரி 9, திங்கள்

கிளினிக்குப் போகவில்லை. தலைவலி என்று சொன்னேன்.

அங்கிருந்து கொடுத்தனுப்பிய கட்டைப்பையைப் பிரித்தேன். மிச்ச வளையல், வெற்றிலை, நாலு ஆப்பிள், ஒரு சீப்பு வாழைப்பழம், அடியில் என் டப்பா. நூல் நான் போட்ட முடிச்சோடு அப்படியே. ஒருத்தரும் திறந்து மோந்துகூடப் பார்க்கவில்லை.

நித்யா நெற்றி வீங்கிவிட்டது. புருவத்துக்கு நடுவே தடிப்பு தடிப்பாக, அரிப்பு. தேங்காய் எண்ணெய் தடவினேன். தடவும்போதே கேட்டேன், டப்பா ஏன் அப்படியே இருக்கிறது என்று.

"காஞ்சிபுரம் பெரியத்தைதான் சொன்னாங்க. குழந்தை விஷயம், எதுக்கு ரிஸ்க்குன்னு."

"எப்ப சொன்னாங்க?"

கண்ணை மூடிக்கொண்டாள்.

"எப்ப, நித்யா?"

"சனிக்கிழமை. நீ டப்பா குடுத்துட்டுப் போனப்புறம்."

அப்படியென்றால் ராத்திரி நான் போனில் புடவைக் கதை பேசியபோது இவளுக்குத் தெரியும். மாம்பழக் கலர், கறுத்த ஜரிகை தெரியாமல் மடிக்கிறேன் என்று நான் உளறியதை எல்லாம் கேட்டுக்கொண்டு படுத்திருக்கிறாள். அவர்களை விடு. அவர்கள் யாரோ. கடைக் குங்குமம் ஆகாது என்று தெரிந்தும் நெற்றியைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தாளே. வீங்கினாலும் பரவாயில்லை, அம்மா கை வேண்டாம் என்று. இவள் நினைக்கவில்லையாம், மற்றவர்கள் நினைத்ததற்கு இவள் உட்கார்ந்தாளாம். எனக்கு இரண்டும் ஒன்றுதான்.

எண்ணெய் தடவிக்கொண்டே இருந்தேன். வேறு என்ன செய்ய. பெற்றாயிற்று.

பிப்ரவரி 11, புதன்

வெயில். வேலைக்குப் போய் வந்தேன். டாக்டர், "வளைகாப்பு நல்லா நடந்ததாம்மா?" நல்லா நடந்தது சார்.

மீன்கார தனம் வந்தாள். கோவளத்திலிருந்து கூடையோடு வருகிறவள், இந்தத் தெருவில் நித்யாவை அரை டிராயரில் பார்த்தவள். மரத்தைப் பார்த்துவிட்டு, "யக்கா, அந்த வெதை ரெண்டு கையி குடேன். வஞ்சிரத்துல தடவி வறுத்தா கலரு சோக்கா வருது" என்றாள். உதிர்த்து அவள் கையில் போட்டேன். மீன் செதில் ஒட்டின கை. மடியில் கட்டிக்கொண்டு போனாள். பதிலுக்கு ஒரு மீன் கூடப் போட்டாளா என்றால் இல்லை. விலையும் குறைக்கவில்லை. உலகத்தில் யாரையும் பெரிதாக நினைத்துவிடக் கூடாது.

நித்யாவுக்கு மீன் குழம்பு வைத்தேன். முள் எடுத்துக் கொடுத்தேன். கோபம் வேறு, சாப்பாடு வேறு. அவளும் சாப்பிட்டாள், இரண்டாம் தடவை குழம்பு கேட்டாள். தடிப்பு வற்றி வருகிறது.

சம்பந்தியம்மா போன். கேசரிக்கு என்ன விதை போட்டீர்கள் என்று அவருடைய அக்கா கேட்கிறாராம், கொஞ்சம் அனுப்ப முடியுமாம். அனுப்புகிறேன் என்றேன். அனுப்பப் போவதில்லை.

பிப்ரவரி 13, வெள்ளி

மறுபடி பனி. மாசி பிறந்துவிட்டது.

நித்யா எண்ணெய் தேய்த்துத் தலைக்குக் குளித்தாள். சாம்பிராணி போட்டுத் தலையை உலர்த்திவிட்டேன். நெற்றி சுத்தமாகிவிட்டது, தழும்பு கூட இல்லை. வாசலில் பரிமளா கிண்ணத்தோடு மரத்தடியில். கொக்கி அவளே கொண்டு வந்திருந்தாள்.

நித்யா எழுந்து போய் வாசல் கதவைச் சாத்தினாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு மெல்லத் திரும்பி வந்து, சாமி அலமாரியிலிருந்து டப்பாவை எடுத்தாள். என் முடிச்சை நகத்தால் பிரித்தாள். என் எதிரில் தரையில் உட்கார்ந்து முகத்தை நீட்டினாள்.

"நீ வச்சு விடும்மா."

கண்ணில் தண்ணீர். நிஜமான தண்ணீர்தான், பெற்றவளுக்குத் தெரியும். எனக்கும் கை எழுந்துவிட்டது. விரல் டப்பாவரை போய்விட்டது.

"போய்க் கதவைத் தொற. வைக்கறேன்" என்றேன்.

கதவைப் பார்த்தாள். வெளியே பரிமளா கிளையை வளைக்கிற சத்தம், காய் உதிர்கிற சத்தம்.

"அம்மா."

"தொற."

எழுந்திருக்கவில்லை. பிறகு டப்பாவில் விரலைத் தொட்டுத் தானே வைத்துக்கொண்டாள். கண்ணாடி பார்க்காமல் வைத்ததால் கோணல். நான் சரி செய்யவில்லை.