மாடி இல்லாத மாடிப்படி

09.02.2025 ஞாயிறு

மாதா கோயிலில் பூசை முடிந்து வெளியில் வந்ததும் பள்ளிமுனைச் சிங்கராசா என்னைத் தனியே கூப்பிட்டார். அவருடைய மகன் கொலின்ஸுக்கு எங்கள் ஜெனிஸ்ராவைக் கேட்கிறார்கள். நல்ல விசயத்தைத் தனியே கதைப்பானேன் என்று ஆட்கள் நின்ற இடத்துக்கே அவரை இழுத்துவந்தேன்.

ஜெனிஸ்ரா என் தங்கை புஸ்பத்தின் மகள். தகப்பன் இல்லாத பிள்ளை. சின்னதிலிருந்து நான்தான் தகப்பன். அதற்காகத்தான் கலியாணம் கட்டாமல் இருந்தேன் என்று எங்கள் ஊர் பேசாலையில் சொல்லிவைத்திருக்கிறேன். (உண்மையில் மூன்று இடத்தில் கேட்டுச் சரிவரவில்லை. அது இந்தக் கொப்பிக்குள் கிடக்கட்டும்.)

சீதனப் பேச்சு வந்தது. "வீடு பிள்ளையின்ர பேரில இருக்குத்தானே அண்ணை, அது போதும்" என்றார் சிங்கராசா. அந்த மனிசன் அவ்வளவு தாழ்மையாகச் சொன்னதும் எனக்குள் ஏதோ பொங்கிவிட்டது. "என்ன கதை கதைக்கிறீர் சம்மந்தி! மேல ஒரு மாடி ஏத்தித்தான் குடுப்பன்!" என்று கையைத் தூக்கி உயரம் காட்டினேன். தென்னை மட்டத்துக்குத் தூக்கியிருப்பேன் என்று நினைக்கிறேன்.

10.02.2025 திங்கள்

ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது. காலையில் வெறும் மாடி. பின்னேரம் கடற்கரையில் கேட்டபோது பல்கனியும் முளைத்திருந்தது. நான் மறுக்கவில்லை.

19.02.2025 புதன்

கடன் எடுக்கும்வரை பார்த்திருந்தால் சனம் சிரிக்கும். கண்ணுக்கு ஏதாவது தெரிய வேண்டும். கருவாடு விற்ற காசு கையில் இருந்தது. ஜெராட் மேசனைக் கூப்பிட்டு முதலில் மாடிப்படியைக் கட்டச் சொன்னேன், தெருவிலிருந்து தெரிகிற பக்கமாக.

"மாடி இல்லாமல் படியோ அண்ணை?"

"படி வந்தால் மாடி தானா வரும். நீ கட்டு."

கொழும்பில் பெரிய கட்டடங்களையெல்லாம் இப்படித்தான் கட்டுகிறார்கள் என்றும் சொன்னேன். அவன் நம்பிவிட்டான். நானும் பாதி நம்பினேன்.

27.02.2025 வியாழன்

நேற்றே மன்னாருக்குப் போனேன். வங்கி பூட்டு. சிவராத்திரி. திருக்கேதீஸ்வரத்துக்குப் போகிற சனத்தால் பஸ் பிதுங்கியபோதாவது எனக்கு விளங்கியிருக்க வேண்டும். தலைக்குள் மாடி இருந்தால் வேறென்ன விளங்கும்?

இன்று ஜெனிஸ்ராவும் லீவு போட்டு வந்தாள். அவள் மன்னார் கச்சேரியில் அரசாங்க உத்தியோகம். கடன் பகுதியில் இருந்தவர் நஸ்லியா என்ற பிள்ளை. என்னைக் கண்டதும் கதிரையை விட்டு எழும்பினார். (பைல் எடுக்கத்தான். ஆனாலும் எழும்பினார்.)

"முப்பது லட்சம் வேணும் பிள்ளை, இருபது வருசத்துக்கு."

"ஐயாவுக்கு என்ன வயசு?"

"ஐம்பத்தைஞ்சு."

அடையாள அட்டையைப் பார்த்தார். "இதில அறுபத்தொண்டு வருதே?"

"அது பழைய அட்டை பிள்ளை."

அந்தப் பிள்ளை சிரிக்காமல் இருக்கப் பட்ட பாட்டை நான் கண்டேன். அறுபத்தொரு வயதுக்காரனுக்கு இருபது வருடக் கடன் கொடுக்க ஏலாதாம். அரசாங்க உத்தியோகம் என்பதால் ஜெனிஸ்ராவுக்குக் கொடுக்கலாமாம். நூற்றுக்குப் பன்னிரண்டு வட்டி. ஐந்து வருடத்துக்கு மாறாது. பிறகு கூடவும் செய்யும், குறையவும் செய்யும்.

"குறையும்" என்றேன்.

மாதக் கட்டுக்காசு முப்பத்து மூவாயிரம். இவ்வளவுதானா! முப்பது லட்சத்தைத் தூக்கித் தந்துவிட்டு மாதம் முப்பத்து மூவாயிரம் கேட்கிறார்கள், பாவங்கள். ஜெனிஸ்ரா என் அடையாள அட்டையை எடுத்துப் பைக்குள் வைத்தாள். யோசித்துச் சொல்கிறோம் என்று மட்டும் நஸ்லியாவிடம் சொன்னாள்.

05.03.2025 புதன்

விபூதிப் புதன். நெற்றியில் சாம்பல். படி வேலை முடிந்தது. உச்சியில் ஏறி நின்றேன். தெருவில் போன எல்லாரும் அண்ணாந்து பார்த்தார்கள். தாழ்மையின் நாளில் இது கொஞ்சம் கூடத்தான்.

09.03.2025 ஞாயிறு

சாப்பிடும்போது பெருமையாகக் கணக்குச் சொன்னேன். எட்டாம் வகுப்போடு நின்றவன் என்றாலும் கூட்டல் கழித்தலில் என்னை வெல்ல ஆளில்லை. ஒரு வருடம் கட்டினால் கிட்டத்தட்ட நாலு லட்சம். அப்போது மிச்சம் இருபத்தாறு லட்சம். சரிதானே?

ஜெனிஸ்ரா சோற்றைப் பிசைந்தபடி, "இல்லை மாமா. இருபத்தொன்பது லட்சத்து அறுபத்தோராயிரம் நிக்கும்" என்றாள்.

"என்ன பகிடியோ? நாலு லட்சம் கட்டினம்!"

"கடன்ல முப்பத்தெட்டாயிரம்தான் குறையும். மிச்சம் எல்லாம் வட்டி."

"நீ ஒரு சைபரை விட்டுட்டாய் பிள்ளை."

"விடேல்லை மாமா. இன்னும் கொஞ்சம் குழம்பு விடட்டோ?"

நான் விடச் சொன்னேன். பிசைந்துகொண்டே திரும்பவும் கூட்டிப் பார்த்தேன்.

10.03.2025 திங்கள்

இன்று கடற்கரை மீன் வாடியில் நானே கண்டுபிடித்தேன். யாரும் சொல்லித்தரவில்லை!

விடியப் படகு வந்தது. மீன் விற்ற காசைப் பிரித்தார்கள். படகுக்கு ஒரு பங்கு, எஞ்சினுக்கு ஒரு பங்கு, வலைக்கு ஒரு பங்கு. அதெல்லாம் எடுத்து மிஞ்சினதைத்தான் கடலுக்குப் போனவன் கொண்டுபோகிறான். நாற்பது வருடமாக நான் பார்க்கிற பிரிப்பு. வங்கியும் அப்படித்தானே? முதலில் தன் பங்கை எடுக்கும். மிஞ்சுவதுதான் கடனில் கழியும்.

வீட்டுக்கு வந்து பாயில் சூடைக் கருவாட்டை அடுக்கினேன். ஒரு சூடை ஆயிரம் ரூபா. முதல் மாதத்துக்கு முப்பத்து மூன்று சூடை. முப்பது லட்சத்துக்கு நூற்றுக்குப் பன்னிரண்டு என்றால் மாதம் முப்பதாயிரம் வட்டி. முப்பது சூடை வங்கிக் குவியலில். வீட்டுக் குவியலில் மூன்று.

மூன்று!

அடுத்த மாதமும் அப்படித்தான். அதற்கடுத்த மாதமும். இரண்டு குவியலும் ஒரே அளவாக வரப் பதினான்கு வருடம் ஆகுமாம். இதை மட்டும் ஜெனிஸ்ரா சொன்னாள்.

"கருவாட்டை வைச்சுக்கொண்டு என்ன விளையாட்டு அண்ணை? பூனை வருது பாருங்கோ!" என்று புஸ்பம் கத்தினாள். பூனை வங்கிக் குவியலில் இரண்டைத் தூக்கிக்கொண்டு ஓடியது. நான் துரத்தவில்லை.

இருபது வருடமும் கட்டுவது எல்லாம் சேர்த்து எழுபத்தொன்பது லட்சத்துக்கு மேலே. நொத்தாரிசின் உறுதிச் செலவு, காப்புறுதி எல்லாம் வேறு. பின்னேரம் ஜெராட்டிடம், "எண்பது லட்சத்து மாடி எண்டால் சும்மாவோ!" என்று சொல்லிப் பார்த்தேன். வழக்கமாக இப்படிச் சொன்னால் நெஞ்சு நிமிரும். இன்று நிமிரவில்லை.

11.03.2025 செவ்வாய்

ஜெனிஸ்ரா வேலையால் வந்து படியின் கீழே செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தாள். கேட்டேன்.

"உனக்கு இதெல்லாம் முதலே தெரியுமோ?"

"ஓம் மாமா. வங்கிக்குப் போக முதலே கணக்குப் பாத்தனான்."

"பிறகேன் வாயைத் திறக்கேல்லை?"

செருப்பைத் தட்டி மண்ணைக் கொட்டினாள். "நீங்கள் கோயிலடியில அத்தினை பேருக்கு முன்னால சொல்லிப்போட்டியள். மாமா சும்மா அளக்கிறார் எண்டு சனம் சொல்லக்கூடாது. இப்ப இருபத்தேழு. நாப்பத்தேழு வயசு மட்டும் கட்டினால் முடிஞ்சுதுதானே."

முடிஞ்சுதுதானே என்று அவ்வளவு லேசாகச் சொல்லிவிட்டுக் கால் கழுவப் போய்விட்டாள்.

நான் என்ன வேலை பாத்தனான்! சீதனம் குடுக்கிறன் எண்டு கையைத் தூக்கிக் காட்டினது நான். குடுக்கிறது ஆர்? அவளுக்கு அவளே சீதனம் குடுக்கிறாள். அவளுக்குப் பிள்ளை பிறந்து, அந்தப் பிள்ளை பெரிய வகுப்புப் படிக்கிற காலத்திலும் கட்டிக்கொண்டே இருப்பாள்— நான் அப்ப சேமக்காலையில மண்ணுக்குள்ள படுத்திருப்பன்.

வாழ்க்கையில் நான் எவ்வளவோ பொய் சொல்லியிருக்கிறேன். திமிங்கிலத்தைக் கட்டி இழுத்தது, இந்தியாவில் சினிமாக்காரர் நடிக்கக் கூப்பிட்டது. ஒன்றுக்கும் ஒரு சதம் செலவில்லை. கேட்டவனுக்கும் சந்தோசம், எனக்கும் சந்தோசம். மாதாமாதம் கட்டுக்காசு வருகிற முதல் பொய் இதுதான். அதுவும் வேறொருவர் பெயரில்.

12.03.2025 புதன்

வாடிக்குப் போகவில்லை.

13.03.2025 வியாழன்

பள்ளிமுனைக்குப் போனேன். மாடி இல்லை என்று சொல்லப் போனேன். கலியாணம் குழம்பினால் ஜெனிஸ்ராவின் முகத்தில் எப்படி முழிப்பது?

பஸ்ஸில் இருந்து காரணங்கள் யோசித்தேன். மணல் தரை, மாடியைத் தாங்காது என்று இஞ்சினியர் சொல்லிவிட்டார். பரவாயில்லை. அத்திவாரம் தோண்டப் போர்த்துக்கேயர் காலத்துப் பீரங்கி வந்தது, அரசாங்கம் வேலையை நிறுத்திப்போட்டுது. இது எவ்வளவு வடிவான கதை! பீரங்கியின் நீளம் முதற்கொண்டு யோசித்துவைத்தேன்.

சிங்கராசாவின் படலையில் கை வைத்ததும் பீரங்கியை விட்டுவிட்டேன்.

சிங்கராசாவும் அவர் மனைவி றோஸ்மேரியும் மாப்பிள்ளை கொலின்ஸும் இருந்தார்கள். உள்ளதை உள்ளபடி சொன்னேன். பிள்ளையின் பெயரில் கடன், இருபது வருடம், முப்பது சூடை, மூன்று சூடை. "மாடி வராது சம்மந்தி. நான் வாய் விட்டுட்டன்" என்றேன். அலங்காரம் இல்லாமல் கதைத்தால் கதை இவ்வளவு சுருக்காக முடிந்துவிடும் என்று எனக்குத் தெரியாது.

றோஸ்மேரி முதலில் வெடித்தார். "நல்லாயிருக்கு அண்ணை! நான் பள்ளிமுனை முழுக்க மாடிவீட்டு மருமகள் எண்டு சொல்லிப்போட்டன். இனி எந்த முகத்தோட கோயிலுக்குப் போறது?"

எனக்கு அந்த மனிசியில் கோபம் வரவில்லை. என்னுடைய இனம் அல்லவா!

சிங்கராசா முழங்காலைத் தடவிக்கொண்டே இருந்தார். பிறகு, "மாடியை ஆர் அண்ணை கேட்டது?" என்றார். "எனக்கு முழங்கால் நோ. மகனைப் பாக்க வாறதெண்டால் எப்பிடி ஏறுறது எண்டு ஒரு மாசமா நித்திரை இல்லை. பேரப்பிள்ளையையும் கீழ கொண்டுவந்துதான் காட்டோணும் எண்டு நினைச்சனான்."

கொலின்ஸ் எஞ்சின் திருத்துகிறவன். அதிகம் பேசமாட்டான். "நான் ஓட்டோவை லீசிங்கில எடுத்துக் கட்டி முடிச்சனான் மாமா. ரெண்டு ஓட்டோக் காசு கட்டினன், வீட்டில நிக்கிறது ஒண்டு" என்றான். தாயைத் திரும்பிப் பார்த்தான். "அம்மா, இருபது வருசக் கடனோட கலியாணம் கட்டினால் நாங்கள் ரெண்டு பேர் இல்லை, மூண்டு பேர் குடும்பம் நடத்தோணும். வங்கிக்கும் சேத்துத்தான் சோறு வைக்கோணும்."

றோஸ்மேரி தேத்தண்ணீர் கொண்டுவந்தார். சீனி போடவில்லை. கேட்கவும் எனக்குத் துணிவில்லை. ஆனால் கலியாணம் கலியாணம்தான் என்று சொன்னார்.

14.03.2025 வெள்ளி

ஜெனிஸ்ராவிடம் எல்லாம் சொன்னேன், படலையில் விட்டுவிட்ட பீரங்கி உட்பட. பாத்திரத்தை வைத்துவிட்டு என் தோளில் நெற்றியை முட்டினாள். "பீரங்கிக் கதையையும் சொல்லுங்கோவன்" என்றாள். சொன்னேன். பீரங்கி கொஞ்சம் நீண்டுவிட்டது.

02.04.2025 புதன்

பத்து லட்சம் எடுத்தோம், ஐந்து வருடத்துக்கு. கீழேயே ஒரு அறையும் நல்ல குசினியும் குளியலறையும். மாதம் இருபத்தீராயிரத்துச் சொச்சம். ஐந்து வருடம் முடிய வட்டியாக மூன்று லட்சத்து முப்பத்தைந்தாயிரம் போகும். நாற்பத்தொன்பது லட்சம் போகவிருந்த இடத்தில்! முதல் மாதத்திலேயே கட்டுகிற காசில் பாதிக்கு மேல் கடனில் கழிகிறது. மாதாமாதம் கருவாட்டுக் காசில் ஐயாயிரம் நானும் போடுகிறேன். மேலதிகமாகக் கட்டினால் முதல் தொகையில் கழிப்பீர்களா, வட்டியில் கழிப்பீர்களா என்று நஸ்லியாவிடம் கேட்டேன். "முதலில்தான் ஐயா. இதை ஒருத்தரும் கேக்கிறேல்லை" என்றார்.

மனேசர் பதவியே தருவதாகச் சொன்னார் என்று ஜெராட்டிடம் சொன்னேன்.

14.06.2025 சனி

கலியாணம் நடந்தது. பேசாலைக் கோயிலில் இப்படிச் சனத்தை நான் கண்டதில்லை; ஐயாயிரம் பேர் இருக்கும். சரி, முன்னூறு.

படியைப் பார்த்துச் சனம் சிரிக்கும் என்று ஒரு வாழைமரத்தைக் கட்டி மறைத்திருந்தேன். படப்பிடிப்புக்காரப் பெடியன் அதை அவிழ்த்து எறிந்துவிட்டுப் பொம்பிளை மாப்பிள்ளையைப் படியில் ஏற்றினான். பின்னால் ஆகாயம் மட்டும். அவ்வளவு வடிவு! அடுத்ததாக ஏறி நின்றவர் றோஸ்மேரி. சேலைத் தலைப்பைக் காற்றில் விட்டு, தனியாக நாலு படம் எடுத்துக்கொண்டார். மாடிவீட்டு மருமகளின் மாமியார் என்று அதைப் பார்க்கிறவர்கள் நினைத்தால் அது அவர்கள் பாடு.

இன்று என் தேத்தண்ணீரில் மூன்று கரண்டி சீனி.

21.09.2025 ஞாயிறு

இந்தப் படி எங்கே போகிறது என்று இப்போதும் கேட்கிறார்கள். ஆளுக்கொரு பதில் வைத்திருக்கிறேன். மீன் வாங்க வந்த கொழும்பு முதலாளிக்கு இது இத்தாலிப் பாணி. கீழ்ப் படிகளில் கருவாடு காய்கிறது. நடுப்படி பூனைக்கு. சிங்கராசா வந்தால் முதல் படியில் குந்திக்கொண்டு, "எனக்கு இந்த மாடியே காணும்" என்பார்.

பின்னேரம் ஜெனிஸ்ராவும் கொலின்ஸும் உச்சிப்படியில் இருந்து கச்சான் கடலை தின்றார்கள். என்னையும் கூப்பிட்டார்கள். கொஞ்சம் நெருக்கம்தான். வாடைக் காற்று தொடங்குவதற்கு முந்திய அமைதி. மேலே ஒன்றும் இல்லை. தென்னை, பக்கத்து வீட்டுத் தண்ணீர்த் தாங்கி, அதற்கப்பால் ஒரு கோடு கடல்.

"இஞ்சயிருந்து பாத்தால் என்ன தெரியும் மாமா?" என்று கொலின்ஸ் கேட்டான்.

"அந்தா, நேர பார். இராமேஸ்வரம் கோபுரம்" என்றேன்.

அவன் கண்ணைச் சுருக்கிச் சுருக்கித் தேடினான். பாவம், இந்த வீட்டுக்கு அவன் புதிது. ஜெனிஸ்ரா அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. ஒரு கச்சானை உடைத்து எனக்கு நீட்டினாள்.

"ஓம் மாமா," என்றாள், "நல்ல வடிவாத் தெரியுது."