பத்துக்குப் பதினெட்டு

ஜூன் 4
இந்த நோட்டில் நான் எழுதப்போவதை ஒரு ஜீவனும் நம்பாது என்று இதனால் சத்தியம் செய்கிறேன். ஏழு கண்டமும் அஞ்சும் மகா கதையளப்பனாகிய நான், படுத்த படுக்கையாய்க் கிடப்பவனைப் பார்த்துப் பொறாமைப்படுகிறேன்!

கிடப்பவன் என் தங்கை புருஷன். கணையத்தில் புற்றுநோய். இனி வலி தெரியாமல் பார்த்துக்கொள்வதுதான் வைத்தியம் என்று டாக்டர் வீட்டுக்கு அனுப்பிவிட்டார். ஒத்தாசைக்கு வந்தவன் நான். இருக்கிற ஒரே டேபிள் ஃபேன் அவன் பக்கம். எனக்கு வேர்த்த வேர்வையில் நேற்று ஒரு நாற்காலி மிதந்தது.

ஜூன் 7
அவனுக்கென்று வீடு தேடி நர்ஸ் வேறு வருகிறார். பூஜ்யத்திலிருந்து பத்துக்குள் வலி எவ்வளவு? குமட்டல்? மூச்சுத் திணறல்? மனக்கலக்கம்? வெளிக்குப் போனதா? அறுபத்தெட்டு வருஷமாக நானும்தான் வெளிக்குப் போய்க்கொண்டிருக்கிறேன், ஒருத்தர் விசாரித்ததுண்டா?

எல்லாவற்றுக்கும் அவன் பதில் ஒன்றே: "ரெண்டு, சிஸ்டர்." என்னைப் பார்த்து ஒரு சிரிப்பு வேறு.

ஜூன் 8
தங்கை எனக்கு டீ தர மறந்தாள். வேறொன்றும் எழுதுவதற்கில்லை.

ஜூன் 11
பொறாமைக்குக் கண் கூர்மை. அவன் சொகுசைக் கணக்கெடுக்கவே எதிரில் உட்கார்ந்தேன். புரண்டு படுக்கும்போது கட்டில் சட்டத்தைப் பிடிக்கிறான். விரல் நுனி வெளுத்துப் போகிறது. தலையணை உறையில் பல்தடம். இதுவா ரெண்டு?

தங்கையிடம் கேட்டேன். வெடித்தாள். "எல்லாம் உன்னாலதான்ணா! யாரு பெரிய ஆளுன்னு கல்யாணத்தன்னிக்கு ஆரம்பிச்ச போட்டி. உன் முன்னால வலிக்குதுன்னு சொல்லுவாரா? நான் சொன்னா, இவ பயந்தாங்கொள்ளின்னு சிஸ்டர்கிட்ட சிரிச்சு மழுப்பறாரு. ரெண்டுன்னே சொல்லிக்கிட்டிருந்தா மருந்தை எப்படிக் கூட்டுவாங்க?"

நான் பஸ் நீளத்துக்கு மீன் பிடித்தேன் என்றால், அது தன் தூண்டிலுக்கு இரை என்பான். என்னிடம் தோற்கக் கூடாது, அவ்வளவுதான். அடப்பாவி — அதுக்காகவாடா பல்லைக் கடிச்சிக்கிட்டுக் கிடக்கிற?

ஜூன் 14
சிஸ்டர் வந்ததும் வெளியே போய் நின்றேன். கதவுக்குப் பின்னால்தான் நிற்பேன் என்று அவனுக்குத் தெரியாதா! "ரெண்டு, சிஸ்டர்" — எனக்குக் கேட்கும்படி, சத்தமாக.

ஜூன் 18
சிஸ்டர் வாயைத் திறக்குமுன் முழங்காலைப் பிடித்துக்கொண்டு தரையில் சாய்ந்தேன்.

"ஐயோ சிஸ்டர்! எனக்கு எட்டு! இந்த வீட்டுலயே பெரிய வலி என்னோடதுதான். மாப்ளைக்கு என்ன, ரெண்டு. சின்னப்பிள்ளை வலி."

கட்டில் கிரீச்சிட்டது.

"உங்க முட்டிக்கு எட்டா மச்சான்? அப்ப எனக்கு ஒன்பது! படுத்தா பத்து! எழுதிக்குங்க சிஸ்டர், எழுதிக்குங்க!"

சொல்லிவிட்டு அழுதான். என் மாப்பிள்ளை அழுது நான் பார்த்ததில்லை. தங்கை அவன் தலையைப் பிடித்துக்கொண்டாள். சிஸ்டர் எழுதினார், டாக்டருக்குப் போன் போட்டார். பிறகு என் பக்கம் திரும்பி, "ஐயா, உங்களுக்கு மனசு எப்படி இருக்கு? பத்துக்கு எவ்வளவு?" என்றார்.

ஒருவழியாக என்னையும் ஒருத்தர் கேட்டுவிட்டார்! நெஞ்சை நிமிர்த்தினேன். "பத்துக்குப் பதினெட்டு."

கட்டிலிலிருந்து குரல்: "அவரு எதைச் சொன்னாலும் பாதியாக்கிக்குங்க, சிஸ்டர்."

ஜூன் 20
மருந்தைக் கூட்டியாகிவிட்டது. தூங்குகிறான். குறட்டையில் ஜன்னல் கழன்று எதிர்வீட்டு மாடியில் போய் விழுந்தது. எனக்கு வராத தூக்கம் அவனுக்கு வருகிறது. வயிற்றெரிச்சல்.

ஜூன் 29
சாய்ந்து உட்கார்ந்து மீன் கதை சொன்னான். மீனுக்கு இப்போது இறக்கை முளைத்திருக்கிறது. தங்கை கண்ணில் நீர் வரச் சிரித்தாள். என் கதைக்கு ஒரு நாளும் அப்படிச் சிரித்ததில்லை, கழுதை.

ஜூலை 23
அவன் படுத்திருந்த வாடகைக் கட்டிலை வந்து எடுத்துப்போய்விட்டார்கள். தங்கை டேபிள் ஃபேனை என் பக்கம் திருப்பி வைத்துவிட்டுப் போனாள். நல்ல காற்று.

நான் பிடித்த மீன் விரல் நீளம்தான். நாற்காலி மிதக்கவில்லை. ஜன்னல் அதன் இடத்திலேயே இருக்கிறது. முழங்காலில் எனக்கு வலியே கிடையாது. ஒன்று மட்டும் நிஜம்: அந்தப் பதினெட்டில் பாதி.