தேறாது என்று எழுதிய கை

மார்ச் 3, செவ்வாய்

பத்தொன்பது நாளாக அக்கா மகள் அறையை விட்டு வெளியே வரவில்லை. கணக்காளர் தேர்வில் மூன்றாம் முறையும் கோட்டை விட்டதற்குத் துக்கம். சாப்பாடு மட்டும் உள்ளே போகிறது, ஒரு படைப்பிரிவுக்குப் போகிற அளவு. பேச்சுதான் இல்லை. ஒரே பாட்டு திரும்பத் திரும்ப ஓடுகிறது. சுவரில் காது வைத்தேன். நூறு மைலுக்கு அப்பால் கொசு தும்மினாலும் சுருதி சொல்லும் காது இது! எங்கேயோ கேட்ட பாட்டு. எங்கே?

மார்ச் 5

கதவிடுக்கில் பேச்சுவார்த்தை.

"என்ன பாட்டும்மா அது?"

"வெளிவராத பாட்டு மாமா. உங்களுக்குப் புரியாது."

பிரபலமான ஒரு பாப் பாடகி பாடிப் பதிவாகி, வெளிவராமலே போன பாட்டுகளுக்கென்று ஒரு ரசிகர் படையே இருக்கிறதாம். வெளிவந்த பாட்டுகளை அவர்கள் சீண்டுவதில்லையாம். இதுதான் உச்சம். பெயர் 'தேறாது'.

"மனசு தேறாதுன்னு அர்த்தம். பரீட்சை தேறாதுன்னும் வெச்சுக்கலாம். எனக்காகவே பாடின மாதிரி இருக்கு."

கைபேசியை நீட்டினாள். பழைய டேப் பெட்டியின் படம். மேலே மையால் 'தேறாது'. துணைக்கால் போடாமல், வயிற்றுக்கடியில் சுழி வைத்த, எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தைய பழைய றா. அந்தச் சுழியைக் கையில் பச்சை குத்திக்கொண்ட ரசிகர்களே ஆயிரக்கணக்கில் இருக்கிறார்களாம்.

அது என் கையெழுத்து.

மார்ச் 6

இருபத்தாறு வருடம் முன்பு ஒலிப்பதிவுக் கூடத்தில் நான் உதவியாளன். பெட்டிகளில் 'தேறும்', 'தேறாது' என்று எழுதுவது என் வேலை. அன்று தலைமைப் பொறியாளர் லீவு. அவர் நாற்காலியில் நான் — சக்கரவர்த்தி! கடைவாய்ப் பல்லில் மட்டும் எரிமலை. ஏழு நிமிடப் பாட்டு ஏழு யுகமாக ஓடியது. "எப்படிப்பா இருக்கு?" என்றார் இசையமைப்பாளர்.

"தேறாது சார்."

அவ்வளவுதான். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பாடிய பெண் ஹெட்போனைக் கழற்றி, மெதுவாக ஆணியில் மாட்டிவிட்டுப் போனாள். மறுநாள் பல்லைப் பிடுங்கினார்கள். பெட்டி பரணுக்குப் போனது. யாரோ அதைத் தூசு தட்டி எடுத்து, நான் எழுதியதையே பாட்டின் பெயராக்கிவிட்டார்கள்.

இதைச் சொன்னால் இவளுக்கு இருக்கிற ஒரே துணையையும் பிடுங்கியவனாவேன். சொல்லாவிட்டால்? அந்த வார்த்தையைக் கட்டிக்கொண்டே கிடப்பாளே!

மார்ச் 8

சொல்லிவிட்டேன். சிரிக்கிறாள்.

"மாமா, போன மாசம் மேகத்துக்குள்ள மைக் தொங்கவிட்டு இடியை ரெக்கார்ட் பண்ணேன்னீங்க!"

வாழ்நாளில் ஒரே ஒரு உண்மை சொன்னேன். அதுவும் செல்லவில்லை.

மார்ச் 9

வேலைக்குப் போகும்போது, கரண்டு பில்லுக்குப் பயந்து வழக்கம்போல அவள் கதவில் சீட்டு ஒட்டினேன்: 'காற்றாடியை நிறுத்து.'

மார்ச் 10

வெளியே வந்தாள்! ஒரு கையில் என் சீட்டு, மறுகையில் கைபேசி.

"மாமா... இந்த றா."

"அதான் சொன்னேனே."

"இந்தப் பாட்டையா தேறாதுன்னீங்க?"

"பல்வலிடா கண்ணு."

"அறிவிருக்கா மாமா உங்களுக்கு?"

"அப்ப இல்ல."

என்னை உட்காரவைத்து, ஹெட்போனை மாட்டி, முழுப் பாட்டையும் கேட்க வைத்தாள். பல்வலி இல்லாமல் இப்போதுதான் கேட்கிறேன். நாலாவது நிமிடத்தில் அந்தக் குரல் உடைந்து, உடைந்த இடத்திலிருந்தே மேலே ஏறுகிறது. இதையா?

"தப்பு பண்ணிட்டேன்மா," என்றேன். மிகைப்படுத்த ஒன்றும் தோன்றவில்லை. "அப்ப எனக்குத் தேறாதுன்னு போட்டவங்களுக்கும் பல்வலியோ என்னவோ," என்று சீட்டோடு உள்ளே போனாள்.

மார்ச் 11

அறையில் பாட்டு இல்லை. கோபமா?

ஜூன் 2

காலையில் அவள் அறை திறந்து கிடந்தது. கதவில் என் பழைய சீட்டு, பின்பக்கம் திருப்பி ஒட்டியிருந்தது:

'காற்றாடியை நிறுத்திட்டேன். பரீட்சைக்குப் போறேன். தேறுமா தேறாதான்னு நீங்க மட்டும் வாயைத் திறக்காதீங்க.'

இரண்டு றாவுக்கும் வயிற்றுக்கடியில் சுழி போட்டிருக்கிறாள்.

பல் இருந்த பள்ளத்தை நாக்கால் தடவியபடி, வாயை மூடி உட்கார்ந்திருக்கிறேன்.