பேய்களை நீங்கள் வெட்டவில்லை

அண்ணை,

இன்று காலை என் மீன்கடையில் புது அச்சு மை மணந்தது. அறக்குளா மீனும் நண்டும் கிடக்கிற இடத்தில் வேறு மணம் எழும்ப வழியே இல்லை. ஆனால் உங்கள் மகள் புத்தகத்தை என் மூக்குக்கு நேரே அல்லவா நீட்டினாள்.

"அங்கிள், அப்பான்ட புக். எனக்குத் தமிழ் வாசிக்க ஏலாது. நீங்கள் பாருங்கோ."

நாலாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவனிடம் கொடுத்தாள் பாருங்கள், உங்கள் மகளேதான். கையைத் துடைத்துவிட்டு வாங்கினேன். எனக்கு ஒன்றுதான் தெரிய வேண்டியிருந்தது: புத்தகத்துக்குள் பேய்கள் இருக்கின்றனவா?

உலக அரசியல் வரலாறும் திகில் கதைகளும் ஆராய்கிற பெரிய மனிதர் நீங்கள். லண்டன் பிளேஸ்டோவில் இருக்கிற என் கடைக்குச் சனிக்கிழமைகளில் மீன் வாங்குகிற சாட்டில் எழுதிய தாள்களோடு வருவீர்கள். நான் செதில் சுரண்ட, நீங்கள் வாசிப்பீர்கள். என் கத்தி நின்றால் அந்தப் பக்கம் தப்பியது. நிற்காவிட்டால் குறுக்கே கோடு விழும். நாடுகளின் ஒப்பந்தங்களுக்குக் கத்தி நின்றதே இல்லை.

"அண்ணை, இந்த மீன் ஏற்கெனவே செத்தது. நீங்கள் வாசிச்சதைக் கேட்டு இன்னொருக்காச் செத்திட்டுது."

நீங்கள் சிரிக்காமல் அடுத்த தாளை எடுப்பீர்கள். ஒருநாள் அதில் வெள்ளைக்காரரின் கதைகளில் வருகிற இரத்தக்காட்டேரி வந்தது. வீட்டுக்காரர் 'வா' என்று சொல்லும்வரை அது வாசற்படியிலேயே நிற்குமாம்.

"பெரிய நாட்டுப் படையும் அப்பிடித்தான். ஒப்பந்தத்தில கையெழுத்து வைச்சு ஆரோ உள்ளுக்கிருந்து கூப்பிட்டிருப்பினம்" என்றீர்கள்.

கத்தி நின்றது. முன்னர் வாசித்த ஒப்பந்தத்தையும் திரும்ப வாசிக்கச் சொல்லிக் கேட்டேன்.

பிறகு யாரோ படித்தவர், பேயையும் அரசியலையும் ஒரே புத்தகத்தில் கட்டினால் ஆட்கள் சிரிப்பார்கள் என்றாராம். கடைசியாக நீங்கள் கடைக்கு வந்த அன்று முகம் தொங்கிப்போய்க் கிடந்தது.

"பேயளை வெட்டப் போறன்."

"வெட்டினால் மிச்சம் முள்ளுத்தான் அண்ணை. முள்ளை ஆர் வாங்குவினம்?"

"யோசிக்கிறன்."

அந்த யோசனை எப்படி முடிந்தது என்று சொல்லாமலே போய்விட்டீர்கள். செத்தவீட்டில் எல்லாரும் உங்களுக்காக அழ, நான் அந்தப் பேய்களையும் சேர்த்தல்லவா அழுதேன். யாரிடம் போய்க் கேட்பது?

இன்று புத்தகத்தைத் திறந்து எழுத்துக் கூட்டினேன். ஒப்பந்தம். இன்னொரு இடத்தில் திறந்தேன். அங்கும் ஒப்பந்தம். மனம் கேளாமல் நடுவில் பிரித்தேன். இ, ரத், தக், காட், டே, ரி. ஆள் வாசற்படியில் அப்படியே நின்றுகொண்டிருந்தார்.

"இருக்கினம் பிள்ளை, எல்லாரும் இருக்கினம்."

"ஆர் அங்கிள்?"

"கொப்பான்ட சிநேகிதர்மார்."

அவளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. என்றாலும் சிரித்தாள். இத்தனை மாதமும் நெஞ்சுக்குள் குத்திக்கொண்டிருந்த முள் இறங்கியது, அண்ணை.

அவள் போனபிறகு புத்தகத்தைத் தராசுக்குப் பக்கத்தில் விரித்துவைத்து, வாய்விட்டு வாசிக்கத் தொடங்கினேன். கடைசி வகுப்பில் வாத்தியார் கேட்டும் இப்படி வாசித்ததில்லை. இறால் வாங்கிக்கொண்டு கதவுவரை போன ஒரு அக்கா திரும்பி வந்தார்.

"பிறகு? உள்ளுக்கு வந்திட்டுதோ?"

"இல்லை அக்கா. நான் எழுத்துக் கூட்டி முடியுமட்டும் பாவம் அது வெளியிலதான்."

"கெதியாக் கூட்டும். எனக்கு பஸ் வரப்போகுது."

பஸ் வந்து போய்விட்டது. அவர் இறால் பையைப் பிடித்தபடி இன்னும் நிற்கிறார். நான் விரலை வைத்து அடுத்த சொல்லைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.