நீ மந்திரம் என்று சொன்னது

லாங் மவுண்டன்,
1934 ஜூலை 12

சிரஞ்சீவி தணிகாசலத்துக்கு அப்பா ஆசீர்வதித்து எழுதுவது. முருகன் காப்பாற்ற நானும் உன் அம்மாவும் தங்கச்சி ருக்மணியும் நோய்நொடி இல்லாமல் இருக்கிறோம், பாரிஸில் உன் இருமல் விட்டதா என்று எழுது. கரும்பு வெட்டு தொடங்கிவிட்டது, அதைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டுப் போன சனிக்கிழமை உன் அம்மாவோடு போர்ட் லூயிஸ் பட்டணம் போய் நீ நடித்த படத்தைப் பார்த்தேன்.

நம் ஜனங்கள் யார் என்று பிரெஞ்சுக்காரனுக்குக் காட்டப் போகிறேன் என்று எழுதினாயே, இதுதானா நீ காட்டியது? உடம்பெல்லாம் கரி பூசி, கன்னத்தில் அலகு குத்திக்கொண்டு அட்டைச் சிலைக்கு முன்னால் கோழி ரத்தம் குடிக்கிறாய், கடைசியில் துரை ஒருவன் எட்டி உதைக்க ஊளையிட்டுச் சாகிறாய். பதினைந்து வருஷமாகத் தைப்பூசத்துக்கு விரதமிருந்து நான் குத்திக்கொள்ளும் அலகு உனக்கு வேஷமாகிவிட்டதா? உன் பேரைக்கூடப் போடவில்லை, வெறும் பூசாரி என்று போட்டார்கள்.

அதிலும் அந்த மந்திரம்! நீ கண்ணை உருட்டிக் கத்தியதும் தமிழ் தெரியாத அந்தக் கொட்டகையே நடுங்கியது. "ஏ ருக்மணி, கோழிய அடைச்சியா, மழ வருது, துணிய எடு" என்று சாயங்காலமானால் உன் அம்மா போடும் சத்தம் அது என்று எங்கள் இரண்டு பேருக்குத்தான் தெரியும். பெற்றவள் பேச்சைப் பேயின் வாயில் வைக்க உனக்கு எப்படி மனசு வந்தது என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவளோ முந்தானையால் வாயைப் பொத்திச் சிரித்தாள், அழவும் அழுதாள். "மந்திரம் சொல்லுன்னு கேட்ட பிரெஞ்சுக்காரங்களுக்கு என்ன குடுத்திருக்கான் பாருங்க" என்றாள்.

வெளியே வந்தால் ஆலையில் கரும்பு நிறுக்கும் எட்மோன், அது உன் பையனா என்று கேட்டான். யாரோ, எனக்குத் தெரியாது என்று சொல்லிவிட்டேன். உன் அம்மா என்னைத் தள்ளிவிட்டு முன்னே வந்து "மோ கார்சோன் சா, என் பிள்ளைதான்" என்று தெருவே கேட்கச் சொன்னாள். உன் படத்தைவிட என் வாய்தான் இப்போது எனக்கு அருவருப்பாக இருக்கிறது. மறுநாள் எட்மோன் வீட்டுக்கு நடந்து போனேன். அவன் என் மகன், பேர் தணிகாசலம், படம் மகா கேவலம் என்று மூன்றையும் சொல்லிவிட்டு வந்தேன்.

இனி அலகை வேஷத்துக்குத் தொடாதே, பேர் போடாத படத்துக்குப் போகாதே. வேளைக்குச் சாப்பிடு. தீர்க்காயுசாக இரு.

கோபம் தீராத உன் அப்பா,
அப்பாசாமி